மேடையில் அந்த இரண்டு பெண்கள்

புதுச்சேரி, கடலூர்க் கல்லூரிகளின் கலைவிழாக் குழுவினருக்கும், நகைச்சுவை மன்றத்தாருக்கும், பட்டிமன்றம் நடத்துவோருக்கும், நூலகர்களுக்கும்

அன்புடையீர், வணக்கம்.

கலைவிழாக் காலம் வந்தால் தவறாமல் மேடையேறும் ஒரு குறுநாடகம் உண்டு. விடுதி அறை, இரண்டு கட்டில். ஒருத்திக்கு வெட்டிய முடி, ஆண் சட்டை, தடித்த குரல். இன்னொருத்திக்கு வளையல், நாணம். வார்டன் கதவைத் தட்டுகிறார். "நீங்க ரெண்டு பேரும் அந்த மாதிரியா?" அரங்கம் அதிர்கிறது. கடைசிக் காட்சியில் ஒரு பையன் வந்து ஒருத்தியைத் 'திருத்தி' அழைத்துப்போகிறான். திரை விழுகிறது. சில சமயம் பரிசும் கிடைத்துவிடுகிறது.

பெண்களை விரும்பும் பெண்களின் எழுத்தை வாசிப்பவர்கள் நாங்கள். அதில் சிலவற்றைத் தமிழுக்குக் கொண்டுவருகிறோம், மேடைப் பிரதிகளைத் திருத்தியும் கொடுக்கிறோம். அந்த நாடகத்தைத் தடை செய்யச் சொல்லி இதை எழுதவில்லை. லெஸ்பியன் பெண்களை வைத்துச் சிரிக்கவே கூடாது என்பதும் எங்கள் கட்சி அல்ல. அந்த வாழ்க்கைக்குள் கூர்மையான சிரிப்பு நிறைய இருக்கிறது. ஏறத்தாழ 2600 வருடமாக அது எழுத்திலும் இருக்கிறது. நீங்கள் மேடையேற்றுவது அதை அல்ல, வெளியே நின்று அவர்களைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பை. உள்ளே இருக்கும் சிரிப்பை மேடைக்குக் கொண்டுவர என்ன செய்யவேண்டும் என்று விவரமாகச் சொல்லவே இந்த மடல்.

பிரதி தாளில் இருக்கும்போதே தொடங்குங்கள். நடிப்பவர்கள் வசனத்தை மனப்பாடம் செய்துவிட்டால் அப்புறம் ஒரு வார்த்தையும் மாறாது. ஒருவர் உரக்கப் படிக்கட்டும், இன்னொருவர் பென்சிலோடு உட்காரட்டும். சிரிப்பு வரும் என்று எழுதியவர் நினைத்த ஒவ்வோர் இடத்திலும் ஒரு வட்டம் போடுங்கள். வட்டத்திலிருந்து ஓர் அம்பு வரையுங்கள்: இந்தச் சிரிப்பு யார் மேல் விழுகிறது? அந்தப் பெண்கள் மேலா, வார்டன் மேலா, விடுதி விதி மேலா? 10 நிமிட நாடகத்துக்கு 12 முதல் 15 வட்டம் வரை விழலாம். அம்புகளில் பாதிக்கு மேல் அந்த இருவர் மேலேயே பாய்ந்தால் பிரதியைத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். கூடவே இன்னொரு கணக்கும் பாருங்கள். அந்த இருவர் வாயிலிருந்து எத்தனை நகைச்சுவை வருகிறது? இந்த வகை நாடகங்களில் அது அநேகமாக ஒன்றுகூட இருக்காது. எல்லாரும் அவர்களை வைத்துச் சிரிக்கிறார்கள், அவர்களுக்குச் சிரிக்க ஒன்றுமில்லை. மேடையில் நிற்பவர்களிலேயே நகைச்சுவை உணர்வு இல்லாத இருவர் அவர்கள்தான் என்று நாடகம் சொல்லாமல் சொல்லிவிடுகிறது.

"அந்த மாதிரியா?" என்ற இடத்தில் விழும் வட்டத்தைத் தனியாகப் பாருங்கள். அதை எடுத்துவிட்டு "நீங்க ரெண்டு பேரும் திண்டிவனமா?" என்று வைத்துப் படியுங்கள். சிரிப்பு செத்துப்போகும். அங்கே நகைச்சுவை என்று எதுவும் எழுதப்படவில்லை என்று அதற்குப் பொருள். வெளியே சொல்லக் கூசுகிற ஒன்றைச் சொல்லிவிட்டார்களே என்ற பதற்றத்தைத்தான் அரங்கம் சிரித்துத் தீர்த்துக்கொண்டது. பதற்றச் சிரிப்பு முதல் தடவை பலமாக வரும், இரண்டாம் தடவை பாதியாகும், மூன்றாம் தடவை பின்வரிசை விசிலோடு நின்றுவிடும். அது இறங்க இறங்க எழுதியவர் சத்தத்தைக் கூட்டுகிறார். முதலில் சொல், பிறகு நடை, பிறகு ஒட்டு மீசை. கடைசியில் அந்தப் பையன் வரவேண்டியிருப்பதும் இதனால்தான். வேறு முடிவு அந்தப் பிரதியிடம் இல்லை.

ஒட்டு மீசையைப் பற்றி ஒரு வார்த்தை. திருநம்பி என்பவர், பிறந்தபோது பெண் என்று குறிக்கப்பட்டாலும், ஆண். லெஸ்பியன் என்பவர் பெண்ணை விரும்பும் பெண். முடி வெட்டிக்கொண்டு சட்டை போடும் பெண் இரண்டில் எதுவாகவும் இருக்கலாம், எதுவும் இல்லாமலும் இருக்கலாம். மீசை ஒட்டினால் இரண்டு பேரையும் ஒரே அடியில் தவறாகக் காட்டிவிடுகிறீர்கள்.

1985-இல் அமெரிக்க ஓவியர் அலிசன் பெக்டல் தன் லெஸ்பியன் படக்கதைத் தொடரில் ஒரு சிறு துண்டு வரைந்தார். இரண்டு பெண்கள் சினிமாவுக்குப் போகலாமா என்று பேசிக்கொண்டு நடக்கிறார்கள். ஒருத்தி தன் நிபந்தனையைச் சொல்கிறாள்: படத்தில் குறைந்தது இரண்டு பெண்கள் இருக்கவேண்டும், அவர்கள் ஒருவரோடொருவர் பேசவேண்டும், அந்தப் பேச்சு ஓர் ஆணைப் பற்றியதாக இருக்கக் கூடாது. இன்று உலகம் முழுக்கச் சினிமாவை அளக்கும் 'பெக்டல் சோதனை' அங்கே ஒரு நகைச்சுவையாகப் பிறந்தது. உங்கள் குறுநாடகத்துக்கு அதையே கொஞ்சம் திருப்பிப் போடச் சொல்கிறோம். இரண்டு பெண்களுக்கும் பெயர் இருக்கட்டும். முதல் 3 நிமிடம் தங்கள் உறவைப் பற்றி அவர்கள் பேசவே வேண்டாம். மெஸ் சாம்பார், அரியர் பேப்பர், ஊருக்கு அனுப்பவேண்டிய பணம் என்று எதையாவது பேசட்டும். அந்த 3 நிமிடத்தில் பார்ப்பவர்களுக்கு அவர்களைப் பிடித்துவிட்டால் மிச்ச 7 நிமிடம் தானாக நடக்கும்.

சிரிப்பு எந்தத் திசையில் போகவேண்டும் என்று நமக்கு வெளியூரார் சொல்லித்தர வேண்டியதில்லை. நம் தென்னார்க்காட்டுத் தெருக்கூத்தில் கட்டியங்காரன் யாரைக் கிண்டல் செய்கிறான்? திரைக்குப் பின்னால் அட்டகாசமாக வந்து நிற்கும் அரசனைத்தான். கிரீடம் வைத்தவனிடம் போய் "நீ யாரு, எந்த ஊரு" என்று கேட்கிறான். சபை அவன் பக்கம் நின்று சிரிக்கிறது. உங்கள் நாடகத்தில் அதிகாரம் வார்டனிடமும் வீட்டுக்காரரிடமும் பெண் பார்க்க வரும் கூட்டத்திடமும் இருக்கிறது. கிரீடம் அங்கே இருக்க, சிரிப்பு மட்டும் கட்டிலில் ஒடுங்கி உட்கார்ந்திருக்கும் பெண் மேல் விழுகிறது.

செய்து காட்டுகிறோம். லாஸ்பேட்டைப் பக்கம் ஒரு மாடி வீடு, வாடகைக்கு. வேலை பார்க்கும் இரண்டு பெண்கள் வந்து நிற்கிறார்கள்.

"ஆம்பளப் பசங்க யாரும் வரப்போக இருக்கக் கூடாது. அதுல நான் ரொம்ப ஸ்ட்ரிக்ட்டு."

"வர மாட்டாங்க ஆன்ட்டி."

"இப்ப அப்படித்தான் சொல்லுவீங்க."

"எப்பவுமே வர மாட்டாங்க ஆன்ட்டி."

வீட்டுக்காரம்மாவின் முகம் இளகுகிறது. "ரெண்டு ரூமு இருக்கு. ஆளுக்கொண்ணு எடுத்துக்கங்க."

"ஒண்ணுலயே படுத்துக்குவோம் ஆன்ட்டி. கரண்டு பில்லு மிச்சம்."

"இந்தக் காலத்துல இப்படிச் சிக்கனமான பொண்ணுங்களா!"

ஏழு பேச்சு, 1 நிமிடம்கூட ஆகாது. அந்தப் பெண்கள் ஒரு பொய்யும் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். உண்மையை அப்படியே வீட்டுக்காரம்மா கையில் கொடுக்கிறார்கள். அவர் போட்ட விதியே அதை அவர் கண்ணிலிருந்து மறைக்கிறது. சிரிப்பு விதியின் மேல் விழுகிறது. லெஸ்பியன் நகைச்சுவையில் பெரும்பகுதி இந்த இடத்திலிருந்துதான் பிறக்கிறது: எல்லார் கண் முன்னாலும் வாழ்கிறோம், யாருக்கும் தெரிவதில்லை. 'தோழிகள்', 'அக்கா தங்கச்சி மாதிரி', 'ரூம்மேட்' என்று ஊர் தானாகவே ஒரு பெயரைக் கொடுத்துவிடுகிறது. அந்தப் பெயருக்கும் உண்மைக்கும் நடுவே இருக்கும் இடைவெளியில் அவர்களுடைய அடையாளமும் இருக்கிறது, சிரிப்பும் இருக்கிறது.

இந்தக் காட்சி கெடும் விதங்களும் உண்டு. "எப்பவுமே" என்று சொல்லும் நடிகை பார்வையாளர் பக்கம் திரும்பிக் கண்ணடித்தால் போச்சு. வீட்டுக்காரம்மாவைப் பார்த்தே, இடைவெளி விடாமல், நல்ல பிள்ளையாகச் சொல்லவேண்டும். அரங்கத்துக்குப் புரிய இரண்டு விநாடி ஆகும். முகம் இளகுவதற்கு அந்த நேரத்தைத்தான் ஒதுக்கியிருக்கிறோம், அதற்குள் அடுத்த வசனம் வந்துவிட்டால் சிரிப்பு அமுங்கிவிடும். வீட்டுக்காரம்மாவைக் கீச்சுக்குரலில் கேலிச்சித்திரமாக நடிக்கவும் கூடாது. அவர் அன்பானவர், அந்தப் பெண்களை அவருக்கு உண்மையிலேயே பிடித்துப்போகிறது. அவரை முட்டாளாக்கினால் விதி தப்பித்துக்கொள்ளும். எல்லாவற்றையும்விட முக்கியம், "சிக்கனமான பொண்ணுங்களா" என்றதும் விளக்கை அணைத்துவிடுவது. யாராவது ஒருவர் வந்து அந்தச் சொல்லைச் சொல்லி விளக்கும் எட்டாவது வசனத்தை எழுதக் கை துறுதுறுக்கும். எழுதாதீர்கள்.

வெளிநாட்டு நகைச்சுவையை அப்படியே இறக்குமதி செய்யும்போதும் தடுமாற்றம் வருகிறது. அமெரிக்க லெஸ்பியன் பெண்களிடையே புகழ்பெற்ற ஒரு கேள்வி உண்டு: "இரண்டாவது சந்திப்புக்கு லெஸ்பியன் என்ன கொண்டுவருவாள்?" பதில், யூ-ஹால். வீடு மாற்ற வாடகைக்கு எடுக்கும் லாரியின் பெயர் அது. பார்த்த மறுவாரமே சேர்ந்து குடியேறிவிடுவார்கள் என்று தங்களையே சீண்டிக்கொள்கிறார்கள். தமிழில் அடிக்குறிப்புப் போட்டு விளக்கினால் உயிர் போய்விடும். 'குட்டியானை' என்று மாற்றினால் நம் ஆட்கள் உடனே சிரிப்பார்கள், ஏனென்றால் வீடு மாற்ற நாம் கூப்பிடுவது அதைத்தான். ஆனால் குட்டியானை சரியான மொழிபெயர்ப்பு இல்லை. சொல் பொருந்துகிறது, வாழ்க்கை பொருந்தவில்லை. பீரோவும் கட்டிலும் ஏற்றி எல்லாரும் பார்க்க வாசலிலிருந்து கிளம்பும் வசதி இங்கே எத்தனை பெண்ணுக்கு இருக்கிறது? பெண்ணோடு வாழ வீட்டைவிட்டுப் புறப்படுகிறவள் கைப்பையோடுதான் புறப்படுகிறாள். அதில் முதலில் வைக்கவேண்டியது 10-ஆம், 12-ஆம் வகுப்பு மதிப்பெண் பட்டியலும் ஆதாரும். அவை வீட்டில் மாட்டிக்கொண்டால் வேலையும் இல்லை, விடுதியும் இல்லை. ஆகவே தமிழில் அந்தக் கேள்விக்குப் பதில் இப்படி இருக்கவேண்டும் என்பது எங்கள் கருத்து: "இரண்டாவது சந்திப்புக்கு லெஸ்பியன் என்ன கொண்டுவருவாள்?" "ஒரிஜினல் சர்டிபிகேட்."

இதைக் கேட்டு முதலில் சிரிப்பு வரும், அடுத்த நொடி தொண்டையில் ஏதோ அடைக்கும். இரண்டும் வரவேண்டும். ஆஸ்திரேலிய நகைச்சுவைக் கலைஞர் ஹன்னா கேட்ஸ்பி 2018-இல் உலகம் பார்த்த தன் மேடை நிகழ்ச்சியில் இதைத்தான் பிரித்துக் காட்டினார். ஒரு ஜோக்குக்கு இரண்டே பாகம்: முடிச்சு, அவிழ்ப்பு. கதைக்கு மூன்று: தொடக்கம், நடு, முடிவு. தன் வாழ்க்கையை ஜோக்காகச் சொல்லிச் சொல்லி மூன்றாம் பாகத்தை இத்தனை நாள் வெட்டிவிட்டேன் என்றார். ஓரங்கட்டப்பட்டவர் தன்னைத் தானே மட்டம் தட்டிச் சிரிக்கவைப்பது பணிவல்ல, அவமானம் என்றும் சொன்னார். எழுதுகிறவர்கள் இதை ஒத்திகைக் கூடத்துச் சுவரில் ஒட்டிவைக்கலாம்.

உதாரணத்துக்கு, அதே லாஸ்பேட்டைப் பெண்கள், பன்னிரண்டு வருடம் கழித்து. ஒருத்தி மருத்துவமனையில். கவுண்டரில் படிவம் நிரப்புகிறவர் கேட்கிறார்: "பேஷண்ட்டுக்கு நீங்க என்ன ஒறவு?" "ரூம்மேட்டு." இங்கேயும் சிரிப்பு வரும், ஏனென்றால் அந்தச் சொல் எங்கிருந்து வந்தது என்று நமக்குத் தெரியும். இங்கே விளக்கை அணைத்தால் இது ஜோக். அணைக்காமல் விட்டால் அடுத்து வருவது, "சொந்தக்காரங்க யாராச்சும் இருந்தா வரச் சொல்லுங்க." அது மூன்றாம் பாகம். எந்த நாடகத்துக்கு இரண்டு, எதற்கு மூன்று என்று எழுதுகிறவர்தான் முடிவெடுக்கவேண்டும். 10 நிமிடமும் இரண்டிலேயே ஓடுகிற நாடகம் வாழ்க்கையைப் பார்க்கவில்லை என்பது எங்கள் எண்ணம்.

அந்தக் கவுண்டர்க் காட்சியை எழுதும் முன் சட்டம் இன்று எங்கே நிற்கிறது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள், தப்பாக எழுதிவிடக் கூடாது. 2018 செப்டம்பர் 6 முதல் மனமொத்த பெரியவர்களின் தன்பாலின உறவு குற்றமில்லை. 2023 அக்டோபர் 17-இல் உச்ச நீதிமன்றம் தன்பாலினத் திருமணத்துக்குச் சட்ட ஏற்புத் தர மறுத்தது. 2025 மே மாதம், வீட்டாரால் பிரித்துவைக்கப்பட்ட ஒரு பெண்ணுக்காக அவர் துணைவி போட்ட ஆட்கொணர்வு வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம், திருமணம் ஒன்றுதான் குடும்பத்துக்கு வழி என்றில்லை, தேர்ந்தெடுத்த குடும்பமும் குடும்பமே என்றது. புதுச்சேரியும் அந்த நீதிமன்றத்தின் எல்லைக்குள்தான் வருகிறது. 2024-இல் மத்திய அரசு, இப்படிச் சேர்ந்து வாழும் இணையரை ரேஷன் அட்டைக்கு ஒரே வீட்டாராகக் கொள்ளும்படி மாநிலங்களுக்கு எழுதியது. கூட்டு வங்கிக் கணக்குக்குத் தடையில்லை என்றும் தெளிவுபடுத்தியது. வார்டன் "போலீசுக்குச் சொல்லிடுவேன், ஜெயிலுதான்" என்று மிரட்டும் வசனம் இன்னும் பிரதிகளில் வந்தால் அது பழைய சரக்கு. வைத்துக்கொள்வதானால், அந்தப் பெண் பதில் சொல்லட்டும்.

அடுத்து பட்டிமன்றம். 'தன்பாலீர்ப்பு சரியா, தவறா' என்று தலைப்பு வைக்காதீர்கள். சபையில் உட்கார்ந்திருக்கும் ஒருத்தி இருக்கலாமா கூடாதா என்று மூன்று பேர் இந்தப் பக்கமும் மூன்று பேர் அந்தப் பக்கமும் பேச, நடுவர் தீர்ப்புச் சொல்வது சொற்போர் ஆகாது. பேசிப் பேசித் தீராத நல்ல தலைப்பு ஒன்று இருக்கிறது: 'லெஸ்பியன் எழுத்தில் சிரிப்பு மறைக்கவா, வெளிப்படுத்தவா?' இரண்டு பக்கத்துக்கும் சரக்கு நிறைய உண்டு.

மறைக்கத்தான் என்பவர்கள் 1928-ஐ எடுத்துக்கொள்ளலாம். அந்த ஆண்டு லண்டனில் ராட்கிளிஃப் ஹால் என்பவர் ஒரு பெண்ணின் பெண்காதலைத் துயரமாக, நேரடியாக, நாவலாக எழுதினார். நவம்பரில் நீதிமன்றம் அதை ஆபாசம் என்று சொல்லி அழிக்க உத்தரவிட்டது. ஒரு மாதம் முன்பு, அக்டோபரில், வர்ஜீனியா உல்ஃப் தான் நேசித்த பெண்ணான விட்டா சாக்வில்-வெஸ்டுக்குக் காணிக்கையாக்கி ஒரு விளையாட்டு நாவல் வெளியிட்டிருந்தார். நாயகன் நூற்றாண்டுகளைத் தாண்டி வாழ்கிறான், நடுவில் ஒருநாள் பெண்ணாக விழிக்கிறான். அதன் மேல் யாரும் கைவைக்கவில்லை. ஹாலுக்காகச் சாட்சி சொல்ல உல்ஃப் நீதிமன்றத்தில் காத்திருந்தார், அழைக்கப்படவில்லை. அழுதவள் தண்டிக்கப்பட்டாள், சிரித்தவள் தப்பினாள் என்று முதல் பேச்சாளர் 8 நிமிடம் பேசலாம்.

வெளிப்படுத்தத்தான் என்பவர்களுக்கு 1970 மே 1. நியூயார்க்கில் பெண்ணுரிமை மாநாடு. பெண்ணியத் தலைவர் பெட்டி ஃப்ரீடன் லெஸ்பியன் பெண்களை இயக்கத்துக்கு வந்த 'லாவண்டர் ஆபத்து' என்று குறிப்பிட்டிருந்தார். மாநாட்டு அரங்கில் திடீரென்று விளக்கு அணைந்தது. திரும்ப எரிந்தபோது 'லாவண்டர் ஆபத்து' என்று அச்சிட்ட பனியன்களோடு பெண்கள் வரிசை கட்டி நின்றார்கள். வசைச் சொல்லை எடுத்துத் தாங்களே உடுத்திக்கொண்டார்கள். சபை சிரித்தது, பிறகு உட்கார்ந்து கேட்டது.

இரண்டு பக்கமும் இழுத்துக்கொள்ளக்கூடியவர் இஸ்மத் சுக்தாய். 1942-இல் உருதுவில் வந்த அவர் சிறுகதை 'லிஹாஃப்', போர்வை என்று பொருள். கணவன் திரும்பியும் பார்க்காத ஒரு பேகம், அவளுக்கு எண்ணெய் தேய்த்துவிடும் பணிப்பெண், இரவில் போர்வைக்குள் யானை புகுந்தாற்போல் அசைவதைப் பார்த்து மிரளும் ஒரு சிறுமி. சிறுமிக்குப் புரியாது, நமக்குப் புரியும். மேலே சொன்ன வீட்டுக்காரம்மா காட்சியின் அதே சூத்திரம். லாகூரில் ஆபாச வழக்குப் போட்டார்கள். எந்தச் சொல் ஆபாசம் என்று கேட்டதற்குச் சாட்சிகளால் ஒன்றையும் காட்ட முடியவில்லை. ஒருவர், காதலர்களைச் 'சேர்த்துக்கொள்வது' பற்றிய வரி நல்ல குடும்பத்துப் பெண்களுக்கு ஆகாது என்றார். நல்லவர்கள் அல்லாத பெண்களுக்கு? அதில் தவறில்லை என்றார் சாட்சி. அப்படியானால் என் கட்சிக்காரர் அவர்களைப் பற்றித்தான் எழுதியிருக்கிறார் என்று முடித்தார் வக்கீல். சுக்தாய் வழக்கில் ஜெயித்தார். நடுவருக்கு ஒரு வேண்டுகோள்: இடையிடையே நிரப்பச் சொல்லும் பெண்டாட்டி ஜோக்குகளை அன்று ஒருநாள் வீட்டில் வைத்துவிட்டு வாருங்கள். மூன்று பேர் கட்டி எழுப்பியதை அது ஒரு நிமிடத்தில் இடித்துவிடும்.

சொல்லைப் பற்றி. அழைப்பிதழிலும் மேடையிலும் 'ஓரினச்சேர்க்கையாளர்' வேண்டாம். அந்தச் சொல்லுக்குள் சேர்க்கை மட்டும்தான் இருக்கிறது. காதலும் இல்லை, வாடகை வீடும் இல்லை, பன்னிரண்டு வருடமும் இல்லை. போதாததற்கு, மனிதர் எல்லாரும் ஓரினம்தான். அப்படிப் பார்த்தால் ஆணும் பெண்ணும் சேர்வதும் ஓரினச் சேர்க்கையே. 'தன்பாலீர்ப்புப் பெண்', 'பெண்ணை விரும்பும் பெண்', 'லெஸ்பியன்' மூன்றும் புழக்கத்தில் இருக்கின்றன, மூன்றும் சரி. தமிழ்நாடு அரசு 2022-இல் மரியாதையான சொற்களுக்கு ஒரு பட்டியலே வெளியிட்டது. அதை அச்சிட்டு அறிவிப்பாளரிடம் கொடுத்துவிடுங்கள்.

நூலகர்களுக்கு. இந்த நாவல்களும் கதைகளும் பல இடங்களில் உளவியல், மருத்துவ அடுக்குகளில் போய் உட்கார்ந்துவிடுகின்றன. அட்டையைப் பார்த்து அடுக்குவதால் வரும் கோளாறு. டூயி நூல் வகைப்பாட்டில் 306.76 என்ற எண் சமூகவியல் ஆய்வுக்கு. கதை கதையோடு நிற்கவேண்டும்: தமிழ் என்றால் 894.811, சுக்தாயின் உருது 891.439, ஆங்கிலப் புனைகதை 823. ஒரு பெண், எழுத்தாளர் சுனிதி நம்ஜோஷியின் புத்தகத்தைத் தேடி எடுப்பதை, பிறர் பார்த்தால் கதைப்புத்தகம் எடுப்பதாகவே தெரியவேண்டும். நூற்பட்டியலின் பொருள் தேடலில் மட்டும் 'தன்பாலீர்ப்பு' என்ற பொருள்சொல்லைச் சேர்த்துவிட்டால் போதும், தேடுகிறவள் கண்டுபிடித்துக்கொள்வாள். பூட்டிய அலமாரியில் வைத்து, சாவி கேட்டு வாங்கும்படி செய்யவே செய்யாதீர்கள்.

கடைசியாக, ஒரு வாசிப்பு மாலை நடத்தும் விதம். மொத்தம் 75 நிமிடம், 30 நாற்காலி போதும். பெரிய அரங்கில் 30 பேர் சிதறி உட்கார்ந்தால் சிரிப்பு ஒருவரிடமிருந்து ஒருவருக்குத் தாவாது, அதனால் சின்ன அறையாகப் பிடியுங்கள். மாலை 3:30-க்குத் தொடங்கினால் விடுதிப் பெண்கள் நேரத்துக்குத் திரும்பலாம், கடலூர்க்காரர்கள் இருட்டும் முன் பஸ் ஏறலாம். பழங்காலக் கிரேக்கக் கவிஞர் சாஃபோவில் தொடங்குங்கள். முழுதாகக் கிடைக்கும் அவருடைய ஒரே பாட்டு 28 வரி, நிதானமாகப் படித்தால் 2 நிமிடம். காதலில் தவித்து, காதல் தேவி அஃப்ரோடைட்டியைக் கூப்பிடுகிறார். தேவி புன்னகையோடு இறங்கிவந்து, மறுபடியும் என்ன ஆயிற்று, மறுபடியும் ஏன் கூப்பிட்டாய், மறுபடியும் யாரைச் சமாதானம் செய்யவேண்டும் என்று கேட்கிறாள். அந்த 'மறுபடியும்' மூன்று தடவை வருகிறது. மொழிபெயர்ப்பவர் மூன்றில் ஒன்றைக்கூட விடக் கூடாது, கேலி முழுக்க அதில்தான் இருக்கிறது. பெண்ணை நேசித்த பெண்ணின் நம் கைக்கு வந்த பழம்பாட்டிலேயே தெய்வம் அவளைச் செல்லமாகக் கிண்டல் செய்கிறது.

அதன் பிறகு நம்ஜோஷி. 1941-இல் மும்பையில் பிறந்தவர், இந்திய ஆட்சிப் பணியில் இருந்துவிட்டு எழுத்துக்கு வந்தவர். 1981-இல் வந்த அவர் நீதிக்கதைகளில் ஒன்றில் அந்தணர் ஒருவர் விஷ்ணுவிடம் மகன் கேட்கிறார். அடுத்த பிறவியில் என்று வரம் கிடைக்கிறது, அந்தப் பிறவியில் அவரே பெண்ணாகி எட்டு மகன் பெறுகிறார். அவர் மகளோ மனித அந்தஸ்து வேண்டும் என்கிறாள். அது ரொம்பக் கடினம் என்று தயங்கும் விஷ்ணு, ஒரு கமிஷன் போடுகிறார். படிக்க 2 நிமிடம். படிப்பவர் 'கமிஷன்' என்ற சொல்லை அழுத்தாமல், அறிவிப்புப் படிப்பதுபோல் சொல்லிவிட்டு உட்காரவேண்டும். பேச்சு சூடு பிடித்தால், பத்ராவதி என்ற லெஸ்பியன் பிராமணப் பசு வரும் 1985-ஆம் ஆண்டுக் கதையிலிருந்து ஒரு பகுதியும் படிக்கலாம். புதுச்சேரியில் பிரெஞ்சு தெரிந்தவர்களுக்குக் குறைவில்லை. மோனிக் விட்டிக், சாண்டே செய்க் இருவரும் 1976-இல் சேர்ந்து எழுதிய காதலியர் அகராதியிலிருந்து இரண்டு சொற்களுக்கு விளக்கம் வாசியுங்கள். அதில் சாஃபோ என்ற சொல்லுக்கு நேரே வெற்றுப் பக்கம் விட்டிருக்கிறார்கள். அந்தப் பக்கத்தைத் தூக்கிக் காட்டினால் போதும். நியாயமான அளவு பகுதியைப் பொதுவில் வாசிக்க 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் இடம் தருகிறது. முழுக்கதையையும் வாசிப்பதானால் பதிப்பகத்திடம் எழுதிக் கேட்டுவிடுங்கள்.

இந்த மாலைகள் கெடுவது பெரும்பாலும் மேடையில் அல்ல, வாசலில். வருகைப் பதிவேட்டில் பெயரும் துறையும் எழுதிக் கையெழுத்துப் போடச் சொல்வார்கள். அந்தத் தாள் நாளைக்கு யார் கைக்குப் போகும் என்று தெரியாது, வரவேண்டியவள் வாசலோடு திரும்பிவிடுவாள். தலையை எண்ணிக்கொள்ளுங்கள், பெயர் வேண்டாம். மேடையில் வாசிப்பவர்களை மட்டும், அவர்கள் சம்மதித்தால் மட்டும், படம் எடுங்கள். சபையை எடுக்கவே கூடாது. "இங்கே யாராவது இருந்தால் தைரியமாக எழுந்து சொல்லுங்கள்" என்று உற்சாகத்தில் கேட்டுவிடும் தொகுப்பாளரை முன்கூட்டியே தடுத்துவையுங்கள். யாரும் எழுந்து நிற்கவேண்டாம். மூன்றாம் வரிசையில் ஒருத்தி பக்கத்தில் இருப்பவளைப் பார்க்காமல் சிரித்துவிட்டுப் போகட்டும். சுவரொட்டியில் 'பெண்கள் எழுதிய சிரிப்புக் கதைகள்' என்று பெரிதாகவும், நூலாசிரியர் பெயர்களைக் கீழே சிறிதாகவும் போடுங்கள். தேடுகிறவளுக்குப் பெயர்கள் போதும், மற்றவர்களுக்குச் சிரிப்பு போதும்.

இந்த வருடக் கலைவிழாவுக்குப் பிரதி எழுதி முடித்ததும், ஒத்திகை தொடங்குவதற்கு 2 வாரம் முன்பாக எங்களிடம் ஒரு நகல் கொடுங்கள். வட்டமும் அம்பும் போட்டு, மாற்று வசனங்களை ஓரத்தில் எழுதி, 3 நாளில் திருப்பித் தருகிறோம். இதற்குக் காசு வேண்டாம். பிரதியை ஒரு பக்கம் மட்டும், வரிகளுக்கு நடுவே நல்ல இடம் விட்டு அச்சிட்டுக் கொடுங்கள், பென்சில் ஓட இடம் வேண்டும்.

அன்புடன்,
பெண்களை விரும்பும் பெண்களின் எழுத்தை வாசிப்போரும் மொழிபெயர்ப்போரும்,
புதுச்சேரி – கடலூர்